ரொட்டியா, கோப்பையா

பிரதமர் ரெவாஸ் குவிர்கேலியா எந்த விருந்துக்கும் நேரத்துக்குப் போவதில்லை என்பது தலைநகர் திபிலிசியில் எல்லோருக்கும் தெரியும். நாலு வருடமாக இந்தப் பழக்கம். ஒயின் கோப்பையை உயர்த்திச் சொல்லும் வாழ்த்துகளில் நாலாவது முடிந்து, ஐந்தாவதுக்குக் கோப்பைகளை நிரப்பும் நேரமாகப் பார்த்துக் கதவைத் திறந்துகொண்டு நுழைவார். கோட்டைக் கழற்றுவார், மன்னிப்புக் கேட்பார், உட்காருவார். எதிர்க்கட்சிப் பத்திரிகைகள் அதைத் திமிர் என்று எழுதின. சொந்தக் கட்சிப் பத்திரிகைகள் வேலைப்பளு என்று எழுதின. இரண்டும் இல்லை. நாலாவது வாழ்த்து இறந்துபோனவர்களுக்கானது. அதற்கு எழுந்து நிற்க அந்த மனிதருக்குப் பயம்.

பயத்துக்குக் காரணம் ஒரு தாள். நாலு வருடத்துக்கு முன்னால், வேறொரு நாட்டில் ஒரு ஹோட்டல் அறையில், இரண்டு தரப்புக்கும் நடுவில் தூது போய்க்கொண்டிருந்த வயதான பாதிரியார் ஒருவர் அதை அவர் கையில் கொடுத்தார். கம்பிவேலிக்கு அந்தப் பக்கம், நாட்டிலிருந்து பிரிந்துபோன பகுதியிலிருந்து வந்த தாள். அதில் பத்தொன்பது பெயர்கள், அவர்கள் மொழி அகர வரிசையில். பதினோரு வருடத்துக்கு முன் நடந்த கணவாய்ச் சண்டையில் காணாமல் போன நாற்பத்தேழு பேரில் பத்தொன்பது பேர். சரணடைந்த பிறகு கையைக் கட்டிச் சுட்டு, ஒரே குழியில் போட்டிருக்கிறார்கள். கம்பிவேலிதான் எல்லை என்று ஒப்புக்கொண்டு கையெழுத்துப் போடுங்கள், எலும்புகளை அனுப்புகிறோம் என்றது மறுதரப்பு. மற்ற இருபத்தெட்டுப் பேரைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

ரெவாஸ் கையெழுத்துப் போடவில்லை. போட முடியாது. 'நம் ஆட்கள் வீடு திரும்பாமல் என் பேனா மூடியைத் திறக்கமாட்டேன்' என்று சொல்லித்தான் முதல் தேர்தலில் ஜெயித்திருந்தார். தேவாலயம், குடும்பம், ஒரு சாண் மண்ணும் விடமாட்டோம். இந்த மூன்றுதான் அவர் அரசியல். கையெழுத்துப் போடாதது கூடப் பரவாயில்லை. தாளைப் பற்றி யாரிடமும் வாய் திறக்கவும் இல்லை. சொன்னால் மறுநாளே ஊர் ஊராக இளைஞர்கள் வேலியை அறுத்துக்கொண்டு பழி வாங்கப் போவார்கள், முப்பது வருடச் சண்டை மறுபடி பற்றிக்கொள்ளும், பத்தொன்பது ஆயிரமாகும் என்று தனக்குத்தானே காரணம் சொல்லிக்கொண்டார். காரணம் பொய்யில்லை. ஆனால் அடுத்த தேர்தலுக்கு அப்போது ஏழு மாதம்தான் இருந்தது என்பதும் பொய்யில்லை.

தாளை யாராவது பார்த்துவிடுவார்களே என்று அன்றைக்கே எரித்துவிட்டார். எரிக்கும் முன் பெயர்களை மனப்பாடம் செய்தார். அந்த அளவுக்கு மனசாட்சி இருந்தது. பிறகு தினமும் காலையில் முகம் மழிக்கும்போது ஒருமுறை சொல்லிப் பார்ப்பார். அவ்தாந்தில், பத்ரி, கேலா, கியோர்கி என்று தொடங்கிக் கடைசிப் பெயர் வரைக்கும், கத்தி கன்னத்தில் இறங்கும் தாளத்துக்கு உதடு அசையும்.

"கண்ணாடியைப் பாத்து என்ன முணுமுணுக்கறீங்க?" என்று ஒருநாள் மனைவி கெத்தோ கேட்டாள்.

"பிரார்த்தனை."

கெத்தோ பூரித்துப்போய்த் தங்கள் தேவாலயப் பாதிரியாரிடம் சொன்னாள். பாதிரியார் பத்திரிகைக்காரரிடம் சொன்னார். 'சவரம் செய்யும்போதும் ஜெபிக்கும் பிரதமர்' என்று அரைப்பக்கம் வந்தது. அந்தப் பக்கத்தைப் படித்த அன்று ரெவாஸ் மத்தியானம் வரை யாரையும் பார்க்கவில்லை.

அதோடு விட்டதா? காணாமல் போனவர்கள் உயிரோடு இருக்கிறார்கள் என்றுதான் சட்டம் சொன்னது. அவர் கொண்டுவந்த சட்டம். ஆகவே ராணுவத்தில் அவர்களுக்குப் பதவி உயர்வும் உண்டு. குழிக்குள் கிடப்பவன் கார்ப்பரல் ஆனான், சார்ஜென்ட் ஆனான். ஒவ்வொரு உத்தரவும் பிரதமர் மேசைக்கு வரும். எந்தெந்தப் பெயர் குழிக்குள் கிடக்கிறது என்று தெரிந்த ஒரே மனிதர் அவர்தான், கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தவரும் அவர்தான். ஒப்பந்தத்துக்குத் திறக்காத பேனா இதற்கு நன்றாகத் திறந்தது.

இந்த வசந்தத்தில் ஒரு காலை, ஷோத்தாவுக்கு வந்து நின்றபோது கன்னத்தில் இன்னும் நுரை மிச்சம் இருந்தது. எண்ணிப் பார்த்தார். பதினெட்டு. மறுபடி தொடக்கத்திலிருந்து சொன்னார். பதினெட்டுதான். ஒரு பெயர் போய்விட்டது. நடுவிலா, கடைசியிலா என்றுகூடத் தெரியவில்லை. காணாமல் போனவர்களின் கோப்புகளை வரவழைத்து, தன் பதினெட்டைக் கழித்துவிட்டு, மிச்சமிருந்த இருபத்தொன்பது பெயர்களையும் ஒவ்வொன்றாக உரக்கப் படித்தார். எது என்று நெஞ்சில் தட்டவில்லை. எல்லாமே அதுவாக இருக்கலாம் போலிருந்தது. தூது வந்த பாதிரியாரைக் கேட்கலாமென்றால் அவர் போன குளிர்காலத்திலேயே இறந்துவிட்டார்; அந்தப் பக்கத்தை நேராகக் கேட்டால் விஷயம் வெளியே வந்துவிடும். அன்றிலிருந்து கண்ணாடி முன் நிற்கும்போதெல்லாம் பதினெட்டுப் பேருக்குப் பின்னால் பெயரில்லாத ஒருவன் நின்றுகொண்டு, என்னைக் கூப்பிடு என்று காத்திருப்பதாக அவருக்குத் தோன்றும். திரும்பிப் பார்க்கமாட்டார். பார்த்தால் துண்டு மாட்டும் கொக்கிதான் இருக்கும் என்று தெரிந்தும் திரும்பமாட்டார்.

இந்த நிலைமையில்தான் ஆலோசகர் கோச்சா அவரை அத்ரிசிக்கு அழைத்துப்போனான். புனித ஜார்ஜ் திருநாள். நவம்பர் வெயில். கம்பிவேலியை ஒட்டிய ஊர். சில வீடுகளுக்குத் தோட்டம் அந்தப் பக்கம், கக்கூஸ் இந்தப் பக்கம். காணாமல் போனவர்களில் நாலு பேர் இந்த ஊர்க்காரர்கள். தேர்தலுக்கு இன்னும் மூன்று மாதம். காணாமல் போனவர்கள் வீட்டு மேசையில் பிரதமர் உட்கார்ந்து சாப்பிட்டார் என்றால் அதைவிட வேறு பிரசாரம் வேண்டாம் என்பது கோச்சாவின் கணக்கு. கோச்சாவுக்குத் தாளைப் பற்றி ஒன்றும் தெரியாது. அவன் வேலையைத்தான் அவன் செய்தான்.

"மெதுவாப் போகச் சொல்லு," என்றார் ரெவாஸ் காரில்.

"ஏற்கெனவே ஒரு மணி நேரம் லேட் சார்."

"இன்னும் மெதுவா."

கோச்சா ஒரு அட்டையை நீட்டினான். "இந்த ஊர்ல போன வருஷத்துலேருந்து செத்தவங்க பேரு. யாராவது கேட்டா ஞாபகமா ரெண்டு பேரைச் சொல்லுங்க. ஜனங்களுக்குப் பிடிக்கும்." அடுத்து ஓர் உறை. "கேலாவுக்கு லெப்டினன்ட் பதவி உயர்வு. அவன் பொண்டாட்டி லமாரா கையில நீங்களே குடுத்துடுங்க. கேமரா முற்றத்துல நிக்கும். மேசைக்குள்ள விடமாட்டோம்னு ஊர்ல சொல்லிட்டாங்க."

ரெவாஸ் உறையைக் கோட்டின் உள்பையில் வைத்தார். கேலா. பட்டியலில் மூன்றாவது.

முற்றத்திலேயே லமாரா நின்றிருந்தாள். பள்ளிக்கூடத்தில் சமைப்பவள், நாற்பத்தைந்து வயது, வாய்க்கு ஊரே பயப்படும். உறையை வாங்கிப் பிரித்துப் படித்தாள். கேமராக்கள் அவள் கண்ணீருக்குக் காத்திருந்தன.

"லெப்டினன்ட்டா?" என்றாள். "வீட்டுல இருந்த வரைக்கும் எனக்குக் கீழதான் வேலை பாத்தான். கோழியைக் கூண்டுல அடைன்னா அதைக்கூட ரெண்டு தடவை சொல்லணும். காணாமப் போய் ஆபீசர் ஆயிட்டான். திரும்பி வந்தா இனி நான்தான் சல்யூட் அடிக்கணும் போல."

எல்லோரும் சிரித்தார்கள். ரெவாஸும் உதட்டை விரித்தார். திரும்பி வந்தா என்று அவள் எவ்வளவு சாதாரணமாகச் சொன்னாள்!

"உள்ள வாங்க ஐயா, ஆறிப்போகுது," என்று அவர் கையைப் பிடித்து இழுத்தாள் ஒரு கிழவி. நாஸிப்ரோலா; மகன் ஜும்பர் காணாமல் போனபோது அவனுக்குப் பத்தொன்பது வயது. "உங்க படத்தை எங்கூட்டு அடுப்பங்கரையில புனித ஜார்ஜுக்குப் பக்கத்துல மாட்டி வெச்சிருக்கேன். ரெண்டு பேரும் ஒரே மாதிரி இருக்கீங்க. குதிரை ஒண்ணுதான் உங்களுக்குக் குறைச்சல்."

"லேட்டாயிடுச்சு, மன்னிச்சுக்குங்க. நீங்க எல்லாம் பாதி விருந்து முடிச்சிருப்பீங்க," என்றார் ரெவாஸ், நம்பிக்கையோடு.

"முடிக்கறதா? நீங்க வராம ஒரு சொட்டு குடிப்போமா? ஒண்ணரை மணி நேரமா சீஸ் வெச்ச கச்சாப்பூரியைப் பாத்துக்கிட்டே உக்காந்திருக்கோம். பசங்கதான் ஓரத்தைப் பிச்சுத் தின்னுட்டாங்க."

அவருடைய நாலு வருடத் தந்திரத்தை ஊர் மரியாதை தவிடுபொடியாக்கிவிட்டது. அதோடும் போகவில்லை. வீட்டுக்காரர் பெஸோ, எழுபது தாண்டியவர், எந்த விருந்துக்கும் மேசைத் தலைவராக நின்று வாழ்த்துகளைச் சொல்பவர், தொண்டையில் ஆபரேஷன் ஆகிக் காற்றுக் குரலில் பேசினார். "எனக்குக் குரல் இல்ல. இன்னைக்கு நீங்கதான் மேசைத் தலைவர்."

"ஐயோ, நான் வெறும் விருந்தாளி."

"அப்ப எங்க மேசை உங்களுக்குச் சின்னதா இருக்குதா?"

இதற்கு மேல் மறுக்க முடியாது. மறுத்தால் அவமானம். மேசைத் தலைவர் சொல்லாமல் யாரும் குடிக்கக்கூடாது. அவர் ஒரு வாழ்த்தைத் தொடங்கினால் அவரே முடிக்கும்வரை யாரும் மேசையை விட்டு நகரக்கூடாது. அந்த அதிகாரம் முழுவதையும் கொம்புக் கோப்பையோடு சேர்த்து அவர் கையில் திணித்தார்கள்.

நீளமான மேசை. நாற்பது பேர் இருப்பார்கள். நடுவில் நாலு இடங்கள் காலி. ஒவ்வொன்றிலும் தட்டு, நிரம்பிய கோப்பை. அந்தத் தட்டுகளுக்கு மட்டும் பக்கத்தில் ரொட்டி இல்லை. ரெவாஸுக்கு ஏன் என்று புரிந்தது. இறந்தவர்களுக்கான வாழ்த்தில் பெயரைச் சொல்லி ஒயினைச் சொட்டுச் சொட்டாக ரொட்டியில் விடுவார்கள். உயிரோடிருப்பவர்களுக்கான ஐந்தாவது வாழ்த்தில் கோப்பையோடு கோப்பை முட்டிப் பெயரைச் சொல்வார்கள். அத்ரிசியில் பதினோரு வருடமாக நாலு பேரும் ஐந்தாவது வாழ்த்தில்தான் இருந்தார்கள். தவறிப்போய்க்கூட அவர்கள் பெயருக்கு ஒரு சொட்டு ரொட்டியில் விழுந்துவிடக்கூடாது என்று ரொட்டியையே தள்ளி வைத்திருந்தார்கள். பாவிகள், அவ்வளவு கவனம்.

முதல் வாழ்த்து கடவுளுக்கு. இரண்டாவது நாட்டுக்கு, அதில் அவர் கெட்டிக்காரர், இரண்டு கிழவர்கள் கண்ணைத் துடைத்தார்கள். மூன்றாவது புனித ஜார்ஜுக்கும் வீட்டுக்காரர்களுக்கும். பிறகு நாற்காலிகள் நகர்ந்தன. எல்லோரும் எழுந்து நின்றார்கள். தலையில் தொப்பி வைத்திருந்தவர்கள் எடுத்தார்கள். ரெவாஸ் வலது கையில் கோப்பையையும் இடது கையில் கோச்சாவின் அட்டையையும் பிடித்துக்கொண்டார். அட்டையைப் பார்த்துப் படித்தால் போதும், வேறெதையும் நினைக்காதே என்று தனக்குச் சொல்லிக்கொண்டார்.

"அவ்தாந்தில்," என்று படித்தார். ஒரு சொட்டு ரொட்டியில் விட்டார். டிராக்டர் கவிழ்ந்து செத்த மனிதர். மேசை முழுக்கப் பெயரைத் திரும்பச் சொன்னது.

"பத்ரி." பெஸோவின் மைத்துனர், மாரடைப்பு. ஒரு சொட்டு.

அட்டையில் மூன்றாவதாக வாசிலி என்று எழுதியிருந்தது. ஆனால் அவ்தாந்தில், பத்ரி என்று நாலு வருடமாகத் தினமும் காலையில் சொல்லிப் பழகிய நாக்கு அது. இவர்கள் வேறு அவ்தாந்தில், வேறு பத்ரி என்பது மண்டைக்குத் தெரியும், நாக்குக்குத் தெரியாது. அது பாட்டுக்கு அடுத்த பெயருக்குப் போனது.

"கேலா," என்றார் ரெவாஸ். கை சாய்ந்தது. ஒயின் ரொட்டியில் விழுந்தது.

யாரும் பெயரைத் திரும்பச் சொல்லவில்லை. அடுப்பில் எதுவோ கொதித்து வழியும் சத்தம் கேட்டது.

பெஸோதான் முதலில் சமாளித்தார். "வாய் தவறிடுச்சு," என்றார் காற்றுக் குரலில். "முற்றத்துல குடுத்த அந்தக் காகிதத்துல அவன் பேரைப் பாத்தாரில்ல, அதான். அந்த ரொட்டியை எடுத்துடுங்க."

கோச்சா பின்னாலிருந்து காதருகே குனிந்தான். "மன்னிப்புக் கேட்டுட்டு அடுத்த வாழ்த்துக்குப் போயிடுங்க சார். நீங்க முடிச்சிட்டா முடிஞ்சுது."

உண்மைதான். அவர்தான் மேசைத் தலைவர். 'இறந்தவர்களுக்கு நித்திய இளைப்பாறல்' என்று ஒரு வரி சொல்லிக் கோப்பையைக் குடித்துவிட்டால் வாழ்த்து முடிந்தது, விவகாரமும் முடிந்தது. அவர் வாயைத் திறந்தார்.

"பெஸோ மாமா, நீங்க சும்மா இருங்க," என்றாள் லமாரா. அவள் சத்தம் போடவில்லை. "வாய் தவறும். நானும் பசங்க பேரை மாத்தி மாத்திக் கூப்பிடுவேன். கை ஏன் தவறுச்சு?"

ரெவாஸ் கையிலிருந்த அட்டையைப் பார்த்தார்.

"அந்த அட்டையைக் குடுங்க."

கொடுத்தார். அவள் மேலிருந்து கீழே விரலை வைத்துப் படித்தாள். "இதுல கேலா இல்ல. பத்ரிக்கு அப்புறம் வாசிலி. நீங்க இதைப் படிக்கல. வேற எதையோ படிச்சீங்க. அது எங்க இருக்கு?"

அரசியலில் முப்பது வருடம் இருந்தவருக்குப் பதில் இல்லாமல் போகாது. களைப்பு, அம்மா, உங்கள் கணவர் எப்போதும் என் நினைவில் இருப்பதால், அம்மா, இந்த மாதிரி வாக்கியங்கள் வரிசையாக வந்து நின்றன. அவர் அந்த ரொட்டியைப் பார்த்தார். சிவப்பு அதற்குள் ஊறிப் பரவியிருந்தது. உலகத்திலேயே முதல்முறையாக ஒருவர் கேலாவுக்காக அதைச் செய்திருக்கிறார் என்று தோன்றியது. பதினோரு வருடம் குழியில் கிடந்தவனுக்கு இந்த ஒரு சொட்டுதான் கிடைத்திருக்கிறது, அதுவும் தவறுதலாக. அதையும் இல்லையென்று சொல்லிப் பிடுங்க அவரால் முடியவில்லை.

"தாள்ல இருந்துச்சு," என்றார். "அந்தப் பக்கத்துலேருந்து வந்த தாள். நாலு வருஷமா எனக்குத் தெரியும்."

"சார்!" என்றான் கோச்சா.

"சரணடைஞ்சப்புறம் சுட்டிருக்காங்க. ஒரே குழி. கையெழுத்துப் போட்டா எலும்பைத் தர்றோம்னாங்க. நான் போடல. உங்ககிட்ட சொல்லவும் இல்ல."

மேசையின் கோடியில் இரண்டு வாலிபர்கள் கோப்பையை வைத்துவிட்டுக் கதவை நோக்கித் திரும்பினார்கள். ஒருவன் கை இடுப்புக்குப் போனது. அவர் நாலு வருடமாகப் பயந்தது அதுதான்.

"எங்கடா போறீங்க?" என்று லமாரா திரும்பாமலே அதட்டினாள். "வாழ்த்து முடியல. நில்லுங்கடா அங்கேயே."

அவர்கள் நின்றார்கள். இறந்தவர்களுக்கான வாழ்த்து நடக்கும்போது மேசையை விட்டுப் போகிற துணிச்சல் அந்த நாட்டில் எந்த ரௌடிக்கும் கிடையாது.

லமாரா காலி இடத்துக்குப் போனாள். கேலாவின் கோப்பையை இரண்டு கையாலும் எடுத்தாள். பதினோரு வருடமாக ஒவ்வொரு திருநாளுக்கும் நிரப்பி, முட்டி, யாரும் குடிக்காமல் சாயங்காலம் திராட்சைக் கொடியடியில் ஊற்றிய கோப்பை. பிரதமருக்கு முன்னாலிருந்த அதே ரொட்டியில் மெல்ல, கடைசிச் சொட்டு வரைக்கும் ஊற்றினாள்.

"இன்னைக்குத்தானே உனக்கு லெப்டினன்ட் குடுத்தாங்க," என்றாள் ரொட்டியைப் பார்த்து. "ஒருநாள்கூட இருக்கலையேடா பாவி." பிறகுதான் அழுதாள். பக்கத்தில் நின்றவள் அவளைப் பிடித்துக்கொண்டாள்.

காணாமல் போன மல்காஸின் அம்மா எதேரி, கூச்ச சுபாவம், ஊர்க்கூட்டத்தில் வாய் திறக்காதவள், ஒரு ரொட்டித் துண்டை இடது கையிலும் மகனின் கோப்பையை வலது கையிலும் எடுத்துக்கொண்டு அவர் முன்னால் வந்து நின்றாள். "எங்க மல்காஸுக்கு?" என்று கேட்டாள். "ரொட்டியா, கோப்பையா?"

மல்காஸ். பட்டியலில் பதினொன்று.

"ரொட்டி," என்றார் ரெவாஸ்.

அவள் தலையை ஆட்டினாள், கடையில் விலை கேட்டவள் போல. அங்கேயே நின்றபடி ஊற்றினாள்.

அடுத்து ஷக்ரோ, தெங்கிஸின் அப்பா. கையில் ரொட்டி மட்டும் இருந்தது, கோப்பையைக் கொண்டுவரவில்லை. "சொல்லுங்க," என்றார்.

"ரொட்டிதான்."

"சுட்டப்போ கண்ணைக் கட்டியிருந்தாங்களா?"

"தெரியாதுங்க."

ஷக்ரோ ரொட்டியை மேசையில் வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார். வாழ்த்து முடியாமல் யாரும் உட்காரக் கூடாது. ஆனால் அவரை யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

ரெவாஸ் நிமிர்ந்து பார்த்தார். நாஸிப்ரோலா வந்துகொண்டிருந்தாள். இடுப்பில் கட்டியிருந்த துணியில் கையைத் துடைத்து, ஒரு ரொட்டித் துண்டைக் கையில் எடுத்திருந்தாள். கோப்பையையும் தூக்கி வந்திருந்தாள், சிந்தாமல், நிறைய. அவள் முகத்தில் இன்னும் கோபம் வந்திருக்கவில்லை. அவர் படத்தைச் சுவரில் மாட்டியவள்; அவர் என்ன சொன்னாலும் நம்பத் தயாராக இருந்தாள். ரெவாஸ் பதினெட்டுப் பெயர்களையும் மனதுக்குள் வேகமாக ஓட்டினார். ஜும்பர் இல்லை. ஷோத்தாவோடு நின்றது. ஷோத்தாவுக்கு அப்புறம் ஜும்பர் வரலாம், அவர்கள் மொழி அகர வரிசைப்படி அங்கேதான் வரவேண்டும். வந்ததா?

"எம் பையனுக்கு ஐயா? ரொட்டியா, கோப்பையா?"

கோப்பை என்று சொல்லிவிடலாம். கிழவி சந்தோஷமாகப் போவாள், இன்னும் பத்து வருடம் தட்டு வைப்பாள். ரொட்டி என்று சொல்லிவிடலாம். அழுது முடிப்பாள். இரண்டில் எதைச் சொன்னாலும் மறுத்துப் பேச வேலிக்கு இந்தப் பக்கம் ஆள் இல்லை. முகம் மழிக்கும்போது பின்னால் நிற்கும் அந்தப் பெயரில்லாதவன் இப்போது இந்தக் கிழவிக்குப் பின்னால் நிற்பது போலிருந்தது. அவனுக்கு முகம் இல்லை.

"தெரியாதும்மா," என்றார்.

"தெரியாதுன்னா? தாள்ல எம் பையன் இல்லையா?"

"தாள்ல பத்தொன்பது பேரு. எனக்குப் பதினெட்டுதான் ஞாபகம் இருக்கு. ஒண்ணு மறந்துபோச்சு. அது ஜும்பரா இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம்."

"தாளை எடுத்துப் பாருங்களேன்," என்றாள் அவள், பேரனுக்குச் சொல்வது போல, பொறுமையாக.

"எரிச்சுட்டேன்."

அப்போதுதான் ஊர் அவரை நிஜமாகப் பார்த்தது. சுட்டவர்களைப் பற்றிச் சொன்னபோதுகூட அப்படிப் பார்க்கவில்லை. கோச்சா பின்பக்கம் நகர்ந்து சுவரோடு ஒட்டிக்கொண்டான். அவன் சட்டைப்பையில் ஃபோன் அடித்தது, எடுக்காமல் அணைத்தான். முற்றத்துக் கேமராக்காரர்கள் ஜன்னலில் முகம் வைத்துப் பார்த்தார்கள். பெஸோ தலையைக் குனிந்துகொண்டார். யாராவது ஒரு அடி அடித்திருந்தால் ரெவாஸ் நன்றியோடு வாங்கிக்கொண்டிருப்பார்.

நாஸிப்ரோலா அடிக்கவில்லை. ரொட்டியை அவர் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள். அவர் கையிலிருந்த கொம்பை வாங்கி மேசையில் வைத்துவிட்டு, மகனின் கோப்பையை அந்தக் கையில் கொடுத்தாள். அவர் விரல்களை மடக்கி அதைச் சுற்றி வைத்தாள்.

"அப்ப வாழ்த்தை முடிக்காதீங்க," என்றாள். "ஞாபகம் வர்ற வரைக்கும் நில்லுங்க. நாங்களும் நிக்கறோம். நான் சொல்றேன், நீங்க கேளுங்க. ஜும்பர் இடது கைக்காரன். ரொட்டியை இடது கையால பிப்பான், அவங்க அப்பா திட்டுவாரு. இப்ப வருதா?"

"தாள்ல வெறும் பேருதாம்மா இருந்துச்சு."

"பரவாயில்ல. எதுலயாவது ஒண்ணுல வரும். வெங்காயம் தின்னமாட்டான். எதுல போட்டாலும் பொறுக்கித் தட்டோரத்துல வெச்சிருவான். தூக்கத்துல பல்லைக் கடிப்பான். ஓடையில விழுந்து இந்தப் புருவத்துல தழும்பு. வருதா?"

"வரலம்மா."

"சரி. இன்னும் இருக்கு."

கதவோரம் வாலிபர்கள் இரண்டு பேரும் கோப்பையைத் திரும்ப எடுத்துக்கொண்டு நின்றார்கள். ஷக்ரோகூட மேசையைப் பிடித்து எழுந்து நின்றார். நாற்பது பேரும் நின்றார்கள். பிரதமர் நின்றார். கோப்பை விளிம்பு வரை நிரம்பியிருந்தது, கீழே ரொட்டி இருந்தது, அவர் கை ஆடிக்கொண்டிருந்தது.

நாஸிப்ரோலா தன் கையை அவர் மணிக்கட்டுக்கு அடியில் கொடுத்துத் தாங்கிக்கொண்டாள். "சிந்திடாதீங்க," என்றாள். "இன்னும் நீங்க சொல்லல."